நாளுக்கு ஓர் இழை

எங்கள் வீட்டைப் பார்க்க வருகிறவர்கள் ஏறக்குறைய ஒரே மாதிரிதான் நடந்துகொள்கிறார்கள். திண்ணையில் செருப்பைக் கழற்றும்போதே போனை எடுத்துவிடுவார்கள், தேக்கு நிலையில் இருக்கும் லட்சுமியை ஒரு படம், வளவில், அதாவது தாழ்வாரம் சுற்றிய நடு முற்றத்தில், நின்று மேலே தெரியும் வானத்தை ஒரு படம், ஆத்தங்குடித் தரைக்கல்லில் காலை வைத்து ஒரு படம், அப்புறம் "தினமும் இதையெல்லாம் பார்த்துக்கொண்டே இருக்கிறீர்கள், கொடுத்து வைத்தவர்" என்று சொல்லிவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். எல்லாம் சேர்ந்து பத்து நிமிடம். 2014-ல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரிய உத்தேசப் பட்டியலில் செட்டிநாட்டு ஊர்கள் இடம்பெற்ற பிறகு இப்படி வருகிறவர்கள் கூடியிருக்கிறார்கள், வரட்டும், சந்தோஷம்தான்.

ஆனால் ஒன்றைச் சொல்ல வேண்டும். நாற்பது வயது வரைக்கும் இந்த வீட்டை நான் பார்த்ததே இல்லை. குடியிருந்தேன், அவ்வளவுதான். எந்த மூலையில் ஒட்டடை சேரும், எந்த ஓடு மழைக்கு ஒழுகும், இந்த வருடம் பங்காளிகளில் யார் இன்னும் மராமத்துப் பணம் தரவில்லை என்பதெல்லாம் தெரியும். அழகு என்று ஒன்று இங்கே இருப்பதாக வெளியூர்க்காரர்கள் சொல்லித்தான் கேள்வி.

பார்க்கத் தெரிந்தவர் ஒருவர் வீட்டிலேயே இருந்தார், அப்பத்தா. முட்டி தேய்ந்துபோனதால் கடைசி ஆறு வருடம் அவர் வளவை விட்டு அதிகம் நகரவில்லை. மேற்குப் பக்கத்துத் தாழ்வாரத்தில் பாயை விரித்து, தூணில் முதுகைச் சாய்த்து, எதிரே கிழக்குத் தூண்களைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பார். சுவர்க் கடிகாரம் அவர் தலைக்குப் பின்னால் இருந்தது, அதைத் திரும்பிப் பார்த்ததே கிடையாது. மத்தியானம் தூங்கி எழுந்து கொஞ்ச நேரம் சும்மா இருப்பார், திடீரென்று சொல்வார்: "வெயிலு ரெண்டாந்தூண் கால்ல ஏறிருச்சு, காப்பிக்குச் சொல்லுப்பா." மணி பார்த்தால் மூன்றரை. மார்கழியில் அதே மூன்றரை வெயில் வடக்கே ஒரு தூண் தள்ளி விழும், அந்தக் கணக்கும் அவரிடம் இருந்தது. "இப்ப மூணாந்தூணு, தை கழிஞ்சாத் திரும்பிரும்" என்பார்.

ஒருமுறை அவர் தடுக்கி விழுந்ததற்குப் பிறகு, தனியே விடக்கூடாது என்று வீட்டில் ஆளுக்கு ஒரு மணி நேரம் முறை வைத்தோம். என் முறை மத்தியானம் இரண்டரையிலிருந்து மூன்றரை. முதல் வாரம் முழுக்கப் போனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒருநாள் என் முழங்கையைத் தொட்டு, "அதைக் கீழ வையி, வெயிலு போயிரும்" என்றார். வைத்தேன். அப்போது பார்க்க ஆரம்பித்ததுதான்.

அவர் எனக்கு எதையும் கற்றுக்கொடுக்கவில்லை. ஒரே இடத்தில், ஒரே நேரத்தில், தினமும் உட்கார்ந்தார். தினமும் இருக்கிற இடத்தைப் பார்க்கப் பழக நான் இங்கே எழுதப்போகிற வழியும் அதுதான், அதை எப்படிச் செய்வது என்பது மட்டும்தான் மீதி.

முதலில் ஓர் இடம்

உங்களுக்குப் பெரிய வீடு வேண்டாம். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் செட்டிநாடு என்றதும் பர்மா தேக்கும் பெல்ஜியம் கண்ணாடியும் இருந்தால்தான் அழகு என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். இங்கே பாதி வீடுகள் வருடம் முழுக்கப் பூட்டித்தான் கிடக்கின்றன. உரிமையாளர்கள் சென்னையிலோ சிங்கப்பூரிலோ இருப்பார்கள், ஒரு கல்யாணத்துக்கோ அறுபதாங்கல்யாணச் சாந்திக்கோ வந்து போவார்கள். அந்த வீடுகளை உள்ளும் புறமும் அறிந்தவர்கள் காவலுக்கு இருப்பவர்களும் தினமும் பெருக்க வருகிற பெண்களும்தான். எங்கள் தெருவில் அப்படி ஒரு வீட்டைப் பெருக்குகிற அக்கா ஒருவர், இரண்டாங்கட்டுக்குப் போகிற நடையில் காலை எட்டு மணிக்கு மேல்கண்ணாடியிலிருந்து பச்சையும் சிவப்புமாக வெளிச்சம் விழும் என்றும், அந்த இடத்தை மட்டும் கடைசியாகப் பெருக்குவேன் என்றும் சொன்னார். அந்த வீட்டு முதலாளி அதைப் பார்த்திருக்க வாய்ப்பில்லை.

காரைக்குடியில் வாடகைக்கு இருக்கும் என் சித்தப்பா மகனுக்கு இரண்டாவது மாடியில் ஓர் அறையும் அடுப்படியும்தான். அடுப்படிச் சன்னலைத் திறந்தால் பக்கத்துக் கட்டடத்தின் சுவர். அவனிடம் இதைச் சொன்னபோது "எனக்கு என்ன இருக்கு பார்க்க" என்றான். பத்து நாள் கழித்து அவனே கூப்பிட்டான்: ஏழு மணிக்கு எதிர்ச் சுவரில் வெயில் பட்டு அது திரும்பி இவன் அடுப்படிக்குள் வருகிறதாம், எக்சாஸ்ட் ஃபேன் இறக்கைகள் வழியாகத் துண்டு துண்டாகப் பாத்திர அலமாரியில் விழுகிறதாம், ஃபேனைப் போட்டால் அந்தத் துண்டுகள் சுற்றுகின்றனவாம். எட்டு வருடமாக அதே அடுப்படியில் டீ போடுகிறவன்.

இடம் தேர்ந்தெடுக்க எனக்குத் தெரிந்தது இரண்டு விஷயம்தான். வெளிச்சம் நகர்கிற இடமாக இருக்க வேண்டும், அதாவது சன்னல், திண்ணை, மொட்டைமாடிப் படி, முற்றம் இப்படி. இன்னொன்று, அங்கே போக எந்த ஏற்பாடும் தேவைப்படக் கூடாது. வண்டியை எடுத்துக்கொண்டு ஊருணிக்குப் போய் உட்கார்வது நன்றாகத்தான் இருக்கும், ஆனால் நான்காம் நாள் வண்டி எடுக்கச் சோம்பலாக இருக்கும். வீட்டுக்குள் எட்டு அடியில் இருக்கிற இடம்தான் நிலைக்கும். வேலைக்குப் போய் வருகிறவர்களுக்கு டவுன் பஸ் சன்னல் சீட்டும் சரிதான், ஆனால் வழியெல்லாம் வேடிக்கை பார்க்க வேண்டாம். ஒரு கண்மாய்க் கரையையோ ஒற்றைப் பனையையோ பிடித்துக்கொண்டு அதை மட்டும் தினமும் போகும்போதும் வரும்போதும் பாருங்கள்.

அப்புறம் ஒரு நேரம்

எல்லோரும் விடியற்காலையைச் சொல்வார்கள். விடியற்காலை நல்ல நேரம்தான், தண்ணீர் தெளிக்கிற சத்தமும் கோலமாவு விழுவதும் எனக்கும் பிடிக்கும். ஆனால் நான் மத்தியானக் கட்சி. இந்தப் பக்கத்தில் இரண்டு மணிக்கு மேல் நாலு மணி வரை ஊரே அடங்கிவிடும், கடைகளில் பாதி ஷட்டர் இறங்கியிருக்கும், தெருவில் நாய்கூட நிழலை விட்டு வராது. யாரும் உங்களைத் தேட மாட்டார்கள். காலையில் உட்கார்ந்தால் மனசு அன்றைய வேலைப் பட்டியலைப் போட்டுக்கொண்டே இருக்கும், மத்தியானத்தில் அது கொஞ்சம் களைத்துப் போய் அமைதியாகிவிடுகிறது.

எந்த நேரமானாலும் சரி, அதை மாற்றாதீர்கள். இதில் ஒரு காரணம் இருக்கிறது. நேரம் மாறாமல் இருந்தால்தான் வெயில் மாறுவது தெரியும். காரைக்குடி பூமத்திய ரேகைக்கு வடக்கே சுமார் 10 டிகிரியில் இருக்கிறது. அதனால் வருடத்தில் இரண்டு தடவை சூரியன் உச்சியில் நேர் தலைக்கு மேலே வந்து நிற்கும், சித்திரை பிறந்த ஓரிரு நாளில் ஒருமுறை, ஆவணி பத்துத் தேதி வாக்கில் இன்னொருமுறை. அந்த நாட்களில் பகல் 12.15 மணி அளவில் வளவின் திறந்த நடுவில் ஓர் உலக்கையை நட்டமாக நிமிர்த்திப் பிடித்தால் அதற்கு நிழலே இருக்காது, நிழல் அதன் காலடியிலேயே ஒளிந்துகொள்ளும். இந்த இரண்டு நாட்களுக்கும் இடையில், உச்சிவெயிலில் நிழல் தெற்கே சாயும். மற்ற மாதங்களில் வடக்கே. அப்பத்தாவுக்கு டிகிரிக் கணக்கெல்லாம் தெரியாது, தூண் கணக்கு தெரியும், இரண்டும் ஒன்றுதான் என்று எனக்குப் புரிய வெகு நாள் ஆயிற்று.

எவ்வளவு நேரம் உட்கார்வது? ஆரம்பத்தில் பத்து நிமிடம். நான் இப்போது இருபது நிமிடம் உட்கார்கிறேன். ஒரு மணி நேரமெல்லாம் வேண்டாம், அது நிலைக்காது.

21 நாள், 21 வரி

இந்தப் பக்கத்து நாட்டுக்கோட்டைச் செட்டியார்களான நகரத்தார் வீடுகளில் பிள்ளையார் நோன்பு என்று ஒன்று உண்டு. திருக்கார்த்திகையில் தொடங்கி 21 நாள், நாளுக்கு ஓர் இழையாகப் புதுத் துணியிலிருந்து நூல் எடுத்துச் சேர்த்து வைப்பார்கள். நோன்பன்று, சஷ்டி திதியும் சதய நட்சத்திரமும் கூடுகிற வேளையில், அந்த 21 இழையையும் திரியாக்கி, அரிசிமாவும் வெல்லமும் நெய்யும் சேர்த்துப் பிசைந்த இழைமாவில் வைத்து ஏற்றி, வீட்டுப் பெரியவர் கையால் கொடுக்க, சுடரோடு அப்படியே வாயில் போட்டுக்கொள்வோம். சின்னப் பிள்ளையாக இருந்தபோது அந்தச் சுடர் நாக்கைச் சுடுமோ என்ற பயம் மட்டும்தான் எனக்கு. இப்போது யோசித்தால் அந்த இழை எடுப்பதுதான் மனசில் நிற்கிறது. ஒரு நூலை எடுக்க அரை நிமிடம் ஆகுமா? அந்த அரை நிமிடம் 21 நாளும் தவறக்கூடாது. இன்றைக்கு மறந்துவிட்டது, நாளைக்கு இரண்டாக எடுத்துக்கொள்ளலாம் என்று யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

நோன்பு நோன்புதான், அதற்குரிய பக்தியும் முறையும் வேறு. அதன் கணக்கை மட்டும் நான் இதற்கு எடுத்துக்கொண்டேன். ஒரு நாற்பது பக்க நோட்டு, தினமும் உட்கார்ந்து எழுந்ததும் ஒரு வரி. 21 நாள். ஒருநாள் விட்டுப்போனால் மறுபடி ஒன்றிலிருந்து.

வரி எழுதுவதற்கு ஒரு விதி வைத்திருக்கிறேன், இது முக்கியம்: அழகு, அருமை, அமைதி, ஆனந்தம் இந்தச் சொற்கள் எதுவும் வரக்கூடாது. என்ன நடந்தது என்று மட்டும் எழுத வேண்டும். "மாலை மிக அழகாக இருந்தது" என்று எழுதினால் நீங்கள் எதையும் பார்க்கவில்லை என்று அர்த்தம். என் முதல் நோட்டிலிருந்து சில வரிகளைத் தருகிறேன்.

நாள் 1: மேகம், வெயில் தூணுக்கு வரவில்லை. தூண் அடியில் இரண்டு எறும்பு ஒரு சோற்றுப் பருக்கையை எதிரெதிராக இழுத்தன.

நாள் 4: ஒன்றும் இல்லை. கொட்டாவி.

நாள் 9: உத்தரத்தில் இருந்த புறா ஓர் இறகை உதிர்த்தது. அது தரைக்கு வந்து சேர நான் ஏழு மூச்சு விட்டிருந்தேன்.

நாள் 13: பக்கத்து வீட்டு ஆச்சி கண்டாங்கிச் சேலையைக் கொடியில் போட்டார். முதலில் கனமாகத் தொங்கியது. 12 நிமிடம் கழித்து கீழ் ஓரம் மட்டும் காற்றுக்கு அசைய ஆரம்பித்தது.

நாள் 17: தரையில் ஒரு பூவுக்கு ஐந்து இதழ் வர வேண்டிய இடத்தில் நிறம் வழிந்து ஆறாக இருக்கிறது. பிறந்ததிலிருந்து அதன் மேல்தான் நடக்கிறேன்.

அந்தப் பதினேழாம் நாளைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஆத்தங்குடியில் இந்தக் கற்களை எப்படிச் செய்கிறார்கள் என்று பார்த்தால் அந்த ஆறாவது இதழ் எப்படி வந்தது என்று புரியும். ஒரு கண்ணாடித் தகட்டின் மேல் இரும்புச் சட்டத்தை வைத்து, அதற்குள் பூ வடிவ அச்சை இறக்கி, ஒவ்வொரு கட்டத்துக்குள்ளும் சாயம் கலந்த சிமெண்ட் கலவையைச் சின்னக் கரண்டியால் ஊற்றுவார்கள். ஊற்றி முடித்ததும் அச்சை மேலே எடுக்க வேண்டும். அந்த எடுப்பு ஒரே மூச்சில் நடக்க வேண்டும், கை இம்மி அசைந்தாலும் நிறம் வரப்பைத் தாண்டிவிடும். அப்புறம் அதன் மேல் மணலும் சிமெண்டும் போட்டு மட்டம் பண்ணி, காயவிட்டு, தண்ணீர்த் தொட்டியில் நாள்கணக்கில் ஊறவைத்து, திரும்ப உலர்த்தும்போது கண்ணாடி தானாகக் கழன்றுகொள்ளும். சூளையில் சுடுவதே இல்லை. பளபளப்பில் பெரும்பங்கு அந்தக் கண்ணாடியின் முகம் கொடுத்தது, மீதியை வருடக்கணக்கில் நடக்கிற கால்களும் அவ்வப்போது தேங்காயெண்ணெய் தொட்டுத் துடைக்கிற கைகளும் கொடுக்கும். ஆக, என் வளவில் இருக்கிற அந்த ஆறாவது இதழ் எந்தக் காலத்திலோ யாரோ ஒருவருடைய கை ஒரு விநாடி நடுங்கியதன் அடையாளம். கொசு கடித்திருக்கலாம், யாராவது கூப்பிட்டிருக்கலாம். அந்தக் கல்லை ஒதுக்கிப் போடாமல் பதித்திருக்கிறார்கள். இப்போதெல்லாம் அதைத் தாண்டும்போது காலை சற்றுத் தள்ளி வைக்கிறேன்.

உங்கள் வீட்டில் ஆத்தங்குடிக் கல் இல்லாவிட்டாலும் தரை இருக்கும். தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, எங்கே கை நடுங்கியிருக்கிறது என்று தேடிப் பாருங்கள். சிமெண்ட் பூச்சில் மேஸ்திரியின் கரணை போன திசை தெரியும், காயும் முன்பே நடந்துபோன கோழியின் கால்தடம்கூடச் சில வீடுகளில் உண்டு.

சும்மா உட்கார முடியாதவர்களுக்கு

பலருக்கும் முடியாது, என் மனைவிக்குச் சுத்தமாக முடியாது. "கையைக் கட்டிக்கிட்டு உக்காந்தா எனக்குப் பைத்தியம் பிடிச்சிரும்" என்பாள். அப்படிப்பட்டவர்கள் கைக்கு ஒரு வேலையைக் கொடுத்துவிட்டுக் கண்ணை விட்டுவிட வேண்டும். சின்ன வெங்காயம் உரிப்பது, பூக் கட்டுவது, கீரை ஆய்வது, பனையோலையில் கொட்டான் முடைவது எல்லாம் இதற்குத் தோதான வேலைகள். இவற்றில் வெள்ளைப் பணியாரத்தைத்தான் நான் முதலில் வைப்பேன், ஏனென்றால் அது உங்களை வேறு எதையும் பார்க்க விடாது.

செய்முறை எளிது. ஓர் ஆழாக்கில் பச்சரிசியைத் தலைதட்டி எடுத்து, அதன் மேலேயே உளுந்தைக் கோபுரமாகக் குவித்தால் நிற்கிற அளவு உளுந்து. இரண்டு மணி நேரம் ஊறவைத்து வெண்ணெய் மாதிரி ஆட்டி, உப்பும் துளி சர்க்கரையும் போட்டுக் கொஞ்சம் பால் விட்டு, கரண்டியிலிருந்து நாடாவாக விழுகிற பதத்துக்குக் கரைத்துக்கொள்ளுங்கள். புளிக்க வைக்க வேண்டியதில்லை. எண்ணெய் காய்ந்ததா என்று ஒரு சொட்டு விட்டுப் பாருங்கள், அடிக்குப் போய் உடனே மேலே வந்தால் சரி. இனி அடுப்பைக் கொஞ்சம் குறைத்து, குழிக்கரண்டியால் எண்ணெயின் நடுவில் ஒரே இடத்தில் கை அசையாமல் ஊற்ற வேண்டும். ஒரு நேரத்துக்கு ஒன்றுதான். அவசரப்பட்டு இரண்டு ஊற்றினால் இரண்டும் ஒட்டிக்கொண்டு கெடும்.

இனிமேல்தான் பார்க்க வேண்டியது. மாவு அடிக்குப் போகும், ஒரு விநாடி ஒன்றுமே நடக்காது. அப்புறம் வட்டமாக மேலே மிதந்து வரும், ஓரம் சுருங்கிச் சேலைக் கொசுவம் மாதிரி மடிப்பு விழும், நடுப்பகுதி மெதுவாக மூச்சு வாங்குவது போல உப்பும். கரண்டி முனையால் எண்ணெயை அதன் தலையில் இரண்டு தரம் தள்ளிவிட்டுத் திருப்பிப் போட வேண்டும். சிவக்கக் கூடாது, வெள்ளையாகவே எடுத்துவிட வேண்டும், அதனால் கண்ணை எடுக்க முடியாது. என் மனைவி முப்பது பணியாரம் சுட்டு எடுக்க முக்கால் மணி நேரம் ஆகும், அந்த முக்கால் மணி நேரமும் அவள் முகத்தில் நான் வேறு எப்போதும் பார்க்காத ஒரு தெளிவு இருக்கும். சுட்டு முடித்து வரமிளகாய்த் துவையலோடு தட்டில் வைக்கும்போது அவளிடம் கேட்டேன், ஒரு வரி சொல், நோட்டில் எழுதுகிறேன் என்று. "இருபத்தி மூணாவதுக்கு மட்டும் மடிப்பு ஒம்போது, மத்ததுக்கெல்லாம் ஏழு எட்டுத்தான்" என்றாள். எண்ணிக்கொண்டே இருந்திருக்கிறாள்!

காதையும் கூட்டிக்கொள்ளுங்கள்

கண்ணுக்கு ஒன்றும் சிக்காத நாளில் காதால் பாருங்கள். நான் செய்வது இதுதான், தூரத்துச் சத்தத்தில் ஆரம்பித்துப் பக்கத்தில் இருக்கிற சத்தத்துக்கு வருவது. மத்தியானத்தில் என் வரிசை பெரும்பாலும் இப்படிப் போகும்: செட்டிநாடு ஸ்டேஷனைத் தாண்டுகிற ரயிலின் ஹாரன், அடுத்து கொல்லைக்கு அப்பால் பனையோலை உரசுவது, மாடியில் புறா குமுறுவது, அடுப்படியில் சொட்டுகிற குழாய், கடைசியாக என் மூச்சு. ஐந்து கிடைத்தால் போதும். ஆறாவது ஒன்று கேட்கிறதா என்று காத்திருக்கும்போதுதான் மனசு முழுக்க அடங்குகிறது என்பது என் அனுபவம்.

ஐப்பசி மழைக்கு இந்த வேலை இன்னும் பிரமாதம். மழை வளவுக்குள் ஒரே சத்தமாக வருவதில்லை, வரிசையாக வருகிறது. முதலில் மேலே ஓட்டில் படபடவென்று, பிறகு ஓடுகளின் இடுக்கில் தண்ணீர் சேர்ந்து ஓடுகிற சலசலப்பு, அப்புறம் நாலு மூலையிலும் இருக்கிற கூம்பு வழியாகக் கல்லில் விழுகிற கனமான சத்தம். முதல் மழை ஓட்டைக் கழுவிவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டு, அடுத்ததற்கு மூலைக்கு ஓர் அண்டா வைப்பார்கள். வெறும் அண்டாவில் தண்ணீர் விழும்போது இருக்கிற சத்தம் நிறைய நிறைய மாறிக்கொண்டே வரும். கண்ணை மூடிக்கொண்டே அப்பத்தா "அந்த மூலை அண்டாவ மாத்துங்க, ரொம்பப்போகுது" என்பார். சரியாக இருக்கும்.

சத்தம் இல்லாமல் இருப்பதை ஓர் ஊரே சேர்ந்து செய்வதைப் பார்க்க வேண்டுமானால் சிவகங்கை மாவட்டத் திருப்பத்தூர்ப் பக்கம் கொள்ளுக்குடிப்பட்டிக்கு ஒருமுறை போய் வாருங்கள். அங்கேயும் வேட்டங்குடியிலும் இருக்கிற கண்மாய்களுக்குப் பறவைகள் கூடு கட்ட வருகின்றன, 1977-ல் அதைச் சரணாலயமாக அறிவித்தார்கள். நத்தை குத்தி நாரை, சாம்பல் நாரை, இராக்கொக்கு எல்லாம் மழைக்குப் பிறகு கருவேல மரங்களை நிறைத்துவிடும். குஞ்சுகள் மிரளும் என்பதற்காக அந்த ஊர்க்காரர்கள் பல வருடங்களாகத் தீபாவளிக்கு வெடி வெடிப்பதில்லை, வனத்துறையினர் வந்து ஊர்ப் பிள்ளைகளுக்கு இனிப்பு கொடுப்பார்கள். மார்கழி வாக்கில் போய்க் கரையில் அரை மணி நேரம் பேசாமல் நின்று பாருங்கள். போனை வண்டியிலேயே வைத்துவிட்டுப் போங்கள்.

எங்கே இடறும்

நான்காம் நாளிலிருந்து ஏழாம் நாள் வரைக்கும் போர் அடிக்கும், கட்டாயம் அடிக்கும். பார்த்த தூண், பார்த்த சுவர், இதில் என்ன இருக்கிறது என்று தோன்றும். அந்த நாட்களில் எழுந்து போய்விடாதீர்கள், "ஒன்றும் இல்லை" என்றே எழுதுங்கள், அதுவும் ஒரு வரிதான். கண்ணுக்கு ஓர் இடம் முழுக்கப் பழகிய பிறகுதான் அதில் புதிதாக வருகிறது எதுவென்று அதற்குத் தெரியும், அந்தப் பழக்கத்துக்குத்தான் இந்த நாலு நாள் செலவாகிறது.

படம் எடுக்காதீர்கள். எடுத்த உடனே கண் அந்த வேலையைப் போனிடம் ஒப்படைத்துவிட்டு ஓய்வெடுத்துக்கொள்கிறது. என்னிடம் வளவின் படம் நூற்றுக்கணக்கில் இருக்கிறது, ஒன்றில்கூட நான் ஆறாவது இதழைக் கவனித்ததில்லை.

வீட்டில் பெண்களுக்கு இந்தப் பத்து நிமிடம் கிடைப்பதே இல்லை, கிடைத்தாலும் குற்ற உணர்வோடு உட்கார்கிறார்கள். இதற்கு அவர்களுக்கு நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை, மற்றவர்களுக்குச் சொல்கிறேன். மூன்றரைக் காப்பியை நீங்கள் போடுங்கள். நான் போட ஆரம்பித்து ஒன்பது வருடம் ஆகிறது.

இன்னொன்று, கொஞ்சம் கனமான விஷயம். சும்மா இருக்கும்போது எல்லோருக்கும் நல்லது மட்டும் வருவதில்லை. அப்பத்தா போன பிறகு அந்த மூன்றரை மணி எனக்குத் தாங்கவே முடியாமல் இருந்தது, வெயில் இரண்டாந்தூணில் ஏறும், பாய் காலியாக இருக்கும். அந்தச் சமயத்தில் இரண்டு மாதம் நான் வளவில் உட்காரவே இல்லை, திண்ணைக்கு மாறிக்கொண்டேன், தெருவில் நாலு பேர் போவார்கள் வருவார்கள், அது போதுமாக இருந்தது. உங்களுக்கும் அமைதி பாரமாக அழுத்தினால் தனியாக உட்கார்ந்து பல்லைக் கடிக்க வேண்டாம். ஆள் நடமாட்டம் இருக்கிற இடத்துக்கு மாறுங்கள், இல்லை யாரையாவது பக்கத்தில் உட்காரச் சொல்லுங்கள். இரண்டு பேர் பேசாமல் உட்கார்ந்து நடுவில் ஒரு கிண்ணத்தில் தேன்குழலை வைத்துக்கொள்வது, எனக்குத் தெரிந்து தனியே உட்கார்வதைவிட ஒரு படி மேல். துக்கம் நாள்கணக்கில் விடாமல் இருந்தால் மருத்துவரிடம் போங்கள், இந்த நோட்டும் தூணும் அதற்கு மருந்தாகாது.

21-ஆம் நாள்

கடைசி நாள் 21 வரியையும் வீட்டில் யாருக்காவது சத்தமாகப் படித்துக் காட்டுங்கள். ஒன்றரை நிமிடம்கூட ஆகாது. நான் முதல் நோட்டை என் மகளுக்குப் படித்தேன், அவளுக்கு அப்போது பதினொரு வயது. புறா இறகு வரிக்கு வந்ததும் நிறுத்தச் சொன்னாள். "அந்த இறகு எங்கிட்ட இருக்குப்பா" என்று போய் கணக்குப் புத்தகத்துக்குள்ளிருந்து எடுத்து வந்தாள். நான் எழுந்து போனதும் அவள் வந்து பொறுக்கியிருக்கிறாள். அது தரைக்கு வந்த கதை அவளுக்குத் தெரியாது, அப்புறம் எங்கே போனது என்பது எனக்குத் தெரியாது. இப்போது அந்த இறகு நோட்டின் ஒன்பதாம் நாள் பக்கத்தில் இருக்கிறது.

ஒரு சுற்று முடிந்தால் உடனே அடுத்த சுற்று தொடங்க வேண்டியதில்லை, ஒரு மாதம் விடுங்கள். தொடங்கும்போது இடத்தையோ நேரத்தையோ ஒன்றை மட்டும் மாற்றுங்கள். எனக்கு அடுத்த சுற்று ஆவணி முதல் தேதி, இடம் அதே வளவுதான், நேரம் மட்டும் உச்சிப்பொழுது. பத்துத் தேதிக்கு வேண்டும் என்று உலக்கையைத் துடைத்து, வடக்கு மூலையில் சாத்தி வைத்திருக்கிறேன்.